இரும்புச் சட்டைக்காரன் வாளை இறக்கிய படம்

ஜவ்வாது மலை,
ஆவணி 9, ஞாயிறு மத்தியானம்.

அன்பு மகன் ஜீவானந்தத்துக்கு உன் சித்தப்பா தனசேகரன் எழுதுவது. நடந்தது அத்தனையும் இப்படித்தான் நடக்கும் என்று நான் அன்றைக்கே சொன்னேன், ஒருத்தரும் காது கொடுக்கவில்லை, இப்போது மலையே என் வாயைப் பார்த்துக்கொண்டு நிற்கிறது. இங்கே நானும் உன் சித்தி மாதம்மாளும் உன் அப்பா அம்மாவும் மாடு கன்றும் சாமி புண்ணியத்தில் சுகம், அங்கே போலந்து தேசத்தில் நீயும் உன்னோடு அறையில் தங்கியிருக்கிற பிள்ளைகளும் அந்தக் குளிரில் சளி இருமல் அண்டாமல் இருக்க வேண்டும் என்பதுதான் எங்கள் எண்ணம். போனில் பேசாமல் இதென்ன எழுத்து வேலை என்று நினைப்பாய். சடையன் என்று நான் வாயெடுத்தால் போதும், நீ போனைக் கட் பண்ணிவிடுகிறாய், காகிதத்தை அப்படிக் கட் பண்ண முடியாது அல்லவா. அதனால்தான் ஏழாவது படித்த இந்தக் கையால் எழுதி, டவர் எட்டுகிற பாறை மேல் ஏறிப் போட்டோ பிடித்து அனுப்புகிறேன். ஏழாவது என்றாலும் அந்தக் காலத்து ஏழாவது, இன்றைய காலேஜுக்குச் சமம் என்று எங்கள் வாத்தியாரே சொல்லியிருக்கிறார்.

நீ அனுப்பிய கோட்டைப் படம் வந்தது, கண்ணாடிக்குள் நிற்கிற இரும்புச் சட்டையும் பார்த்தேன். கோட்டை இருக்கிற சீமைக்குத்தான் நீ வேலைக்குப் போவாய் என்று நீ ஆறாவது படிக்கும்போதே சொன்னவன் நான், உன் சித்தியைக் கேட்டுப் பார். அந்தப் படத்தைப் பஸ்ஸில் வந்த கலசப்பாக்கத்து வியாபாரிகளிடம்கூடக் காட்டினேன். அந்தக் கோட்டைச் சாவி உன் இடுப்பில்தான் இருக்கிறது என்று சொல்லிவைத்திருக்கிறேன், மீனுக்கு ஐஸ் போட்டுப் பெட்டி கட்டுகிற விஷயம் நமக்குள் இருக்கட்டும். மழை இந்த வருஷம் நன்றாகப் பிடித்துக்கொண்டது, சாமை முழங்கால் உயரம் நிற்கிறது, செவலை கிடாரிக் கன்று போட்டிருக்கிறது, அதற்கு உன் அம்மா உன் பேரில் பாதியை வைத்து ஜீவி என்று கூப்பிடுகிறார்கள், கூப்பிடும்போதெல்லாம் நீ வந்துவிட்டாயோ என்று எனக்கு ஒரு நிமிஷம் தூக்கிவாரிப் போடுகிறது, பெயரை மாற்றுங்கள் அண்ணி என்று சொல்லியும் கேட்கவில்லை.

இனி விஷயத்துக்கு வருகிறேன், கோபப்படாமல் படி. எட்டு நாள் முன்பு சடையன் உங்கள் வீட்டு வாசலுக்கு வந்தான். நீ பெட்டி எடுத்துக்கொண்டு கிளம்பிய வருஷம், எல்லைப் புளியமரத்தை உலுக்கும்போது வந்த சண்டையில் துரட்டிக் கொம்பால் உன் அப்பாவின் வலது கையை ஒடித்த அதே சடையன்தான். உன் அம்மாவின் சொந்த அண்ணன் மகன், ஒரே தட்டில் சாப்பிட்டு உன்னோடு வளர்ந்தவன். சண்டையை நிறுத்த நான் நடுவில் பாய்ந்து நாலு பேரைத் தூக்கி எறிந்தது உனக்குத் தெரியும், இரண்டு பேர் என்றாலும் பாய்ந்தது நிஜம். வந்தவன் தோளில் இருந்த துண்டை எடுத்து வாசல் கல் மேல் போட்டான், கையைக் கட்டிக்கொண்டு நின்றான். வெற்றுத் தோளோடு ஒரு ஆம்பிளை நம் ஊரில் நிற்பது என்றால் என்ன அர்த்தம் என்று உனக்குச் சொல்லத் தேவையில்லை. அந்தத் துண்டை எடுத்து அவன் தோளில் போட்டால் பகை போயிற்று, எடுக்காத வரைக்கும் அவன் கல்யாணம் கருமாதி எதிலும் துண்டு போட்டு நிற்க முடியாது. உன் அப்பா கட்டிலில் உட்கார்ந்தபடி அதைப் பார்த்தார். அப்புறம், வுடமாட்டேன்னு கோயில்ல கற்பூரம் அடிச்சி சொன்னது எம்மவன், எடுக்கறதும் அவன் கைதான், நான் எடுத்தா செல்லாது என்று சொல்லிவிட்டு எழுந்து உள்ளே போய்விட்டார். உன் அம்மா கதவுக்குப் பின்னால் நின்று அழுதார்கள். எடு என்று சொன்னால் பிறந்த வூட்டுக்குப் பரிந்து பேசுகிறாள் என்பார்கள், எடுக்காதே என்றால் அண்ணன் மகன் ஜெயிலுக்குப் போவான், அவர்கள் எந்தப் பக்கம் வாயைத் திறப்பது, நீயே சொல்.

துண்டு இன்னும் அங்கேதான் கிடக்கிறது. இரண்டு மழை அதன் மேல் பெய்துவிட்டது, ஒரு மூலையை ஆடு மென்றுவிட்டது, நேற்று உன் சித்தி உங்கள் வாசலைப் பெருக்கும்போது பழந்துணி என்று நினைத்துக் குப்பையோடு அள்ளப் போய், நான் ஓடிப்போய்த் துடைப்பத்தைப் பிடித்தேன். நல்லவேளை நான் இருந்தேன், இல்லாவிட்டால் மலையின் சட்டமே குப்பைக்குப் போயிருக்கும். ஊர்க் கூட்டத்தில் நான் ஒரு யோசனை சொன்னேன், ஜீவாவை வீடியோ காலில் கூப்பிடுவோம், அவன் பார்த்துச் சம்மதம் சொல்லட்டும், அண்ணன் துண்டை எடுக்கட்டும் என்று. கூட்டம் முழுக்க என்னைப் பாராட்டியது. ஊர்க் கவுண்டர் தசரதன் மட்டும், தனசேகரா, போன்ல மூஞ்சி தெரியுது, பேச்சு கேக்குது, எல்லாம் சரி, கை எங்கடா இருக்குது அதுல, கை இல்லாம எப்டிடா துண்ட எடுப்ப என்று கேட்டார். எல்லாரும் சிரித்தார்கள். சிரிப்பதற்கு நாளும் இல்லை, ஆவணி இருபத்தேழு வியாழக்கிழமை கோர்ட்டில் அந்தக் கை ஒடித்த கேஸுக்கு வாய்தா. உன் அப்பா சமரசம் என்று எழுதிக் கொடுத்தால் கேஸ் முடிகிறது, இல்லாவிட்டால் இந்தத் தடவை சடையன் உள்ளே போவது உறுதி என்று வக்கீல் சொல்லிவிட்டார். அவன் பெண்டாட்டி பிள்ளை பெற்று இருபது நாள் ஆகிறது. துண்டு தரையில் கிடக்கிற வரைக்கும் உன் அப்பா கையெழுத்துப் போட மாட்டார், போட அந்தக் கையும் சரியாக மடங்காது, அது வேறு விஷயம்.

நீ சொல்வாய், என் அப்பன் கையை ஒடித்தவன், அவனுக்கு நான் ஏன் இரங்க வேண்டும் என்று. இரங்கு என்று நான் சொல்லவில்லையப்பா, நாம் பார்த்த படங்களை நினைத்துப் பார் என்றுதான் சொல்கிறேன். இந்த வீரர்கள் படத்தைப் பற்றிப் பேச இந்த மலையில் என்னைவிட்டால் ஆள் கிடையாது, இருநூறு படமாவது பார்த்திருப்பேன், உன் சித்தி பதினொன்று என்கிறாள். நம் தமிழ் வாள்சண்டைப் படத்தில் வில்லன் வாள் கைநழுவித் தெறித்து விழுந்தால் கதாநாயகன் என்ன செய்வான், குத்துவானா, காலால் அந்த வாளைத் தட்டி அவன் பக்கமே தள்ளிவிட்டு எடுத்துக்கொள் என்பான். ஒரு ஜப்பான்காரன் படத்தில், நாள் முழுக்கச் சண்டை போட்ட எதிரி செத்துக் கிடக்கிறான், ஜெயித்தவன் தன் ஓலைத் தொப்பியைக் கழற்றி, மழை அவன் முகத்தில் விழாமல் மூடிவிட்டுப் போகிறான், நீ அதைப் பார்த்துவிட்டு இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. வெட்டும்போதா நாம் கைதட்டினோம், வெட்ட முடிகிறவன் ஓங்கிய கையை நிறுத்துகிறான் பார், அந்த இடத்தில்தான் கைதட்டினோம்.

இரும்புச் சட்டைக்காரன் படத்தை நீ மறந்திருக்க மாட்டாய். எனக்குப் பிள்ளை இல்லை, பள்ளிக்கூடம் பக்கம் என்று உன்னை என் வீட்டில் விட்டிருந்த காலம். அரசாங்கத்து டிவி வந்த புதிது, வாணியம்பாடி ஷஃபியுல்லா பாய் கடையில் சிடி எடுத்து வந்து ஞாயிறு மத்தியானம் போடுவேன், ஊர்ப் பிள்ளைகள் முழுக்க நம் வீட்டில்தான். படம் முழுக்க இங்கிலீஷ், நான் பக்கத்தில் நின்று ஒவ்வொரு பேச்சையும் தமிழில் சொல்வேன், எனக்கு இங்கிலீஷ் தண்ணி பட்ட பாடு. ஒன்றாக வளர்ந்த இரண்டு வீரர்கள், ஒருத்தன் துரோகம் செய்துவிடுகிறான், கடைசியில் சேற்றில் சண்டை, துரோகி மல்லாந்து விழுகிறான், தலைக்கவசம் உருண்டு போகிறது, வாள் ஆற்றில் போய்விட்டது, நம் ஆள் இரண்டு கையாலும் வாளை ஓங்குகிறான், கரண்ட் போய்விட்டது. பிள்ளைகள் கத்திய கத்தில் ஓடே பறந்திருக்கும். நான்தான் அடங்குங்கள் என்று சொல்லி, பாய் கடையில் இரண்டு தடவை பார்த்த படம் என்பதால் மீதியை வாயாலேயே சொன்னேன். ஓங்கிய வாளை இறக்கினான், சேற்றில் குத்தினான், இரும்புக் கையுறையைக் கழற்றிவிட்டு வெறுங்கையை நீட்டினான், எழுந்திரு, உன் அம்மாவுக்கு நான் என்ன பதில் சொல்வேன் என்றான். நீயும் சடையனும் முன்வரிசையில் ஒருத்தன் தோளில் ஒருத்தன் கைபோட்டு உட்கார்ந்திருந்தீர்கள்.

இப்போது அந்தப் படத்தின் பேச்சை எடுத்ததே சடையன்தான், நானாக எடுக்கவில்லை. துண்டைப் போட்டுவிட்டு என் வீட்டுப் பக்கம் வந்தவன், மாமா, எனுக்காக நீ ஒண்ணும் பேச வோணாம், அந்த இரும்புச் சட்ட படத்துல கீழ வுழுந்தவனுக்கு கை குடுத்தான் இல்ல, அத மட்டும் ஜீவாவுக்கு ஒரு வாட்டி ஞாபகப்படுத்து என்றான். அவன் கண்ணைப் பார்க்க முடியாமல் மாட்டுக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டேன்.

உன்னை வரச் சொல்லி உன் அப்பா கேட்க மாட்டார், அம்மாவும் கேட்க மாட்டார்கள், அவர்கள் மரியாதைக்காரர்கள், நான் வெட்கம் கெட்டவன், கேட்கிறேன். பத்து நாள் லீவு போட்டு வந்துவிடு. டிக்கெட்டுக்கு நான் ஏற்பாடு செய்கிறேன், செவலையை விற்றால் போகிறது என்று சொன்னேன், உன் சித்தி முறைத்தாள், ஆனாலும் வேண்டாம் என்று சொல்லவில்லை. இப்போதெல்லாம் ஞாயிறு மத்தியானம் போனில் வாள்சண்டைப் படம் போட்டுக்கொண்டு உட்காருகிறேன். எனக்குத் தெரியாமலே வாய் கதை சொல்ல ஆரம்பித்துவிடுகிறது, இதோ பார் இவன் இப்போது என்ன சொல்கிறான் என்றால் என்று. உன் சித்தி அடுப்படியிலிருந்து, யாருக்குய்யா சொல்லிக்கினு கீற, அங்க யாரு குந்திகினு கீறாங்க என்கிறாள். பாயில் நீ உட்காருகிற இடத்தை விட்டுத்தான் நான் உட்கார்ந்திருக்கிறேன், அது எனக்கே அவள் கேட்ட பிறகுதான் தெரிந்தது. மூன்று வருஷம் ஆகிறது மகனே. சபதம் சொன்னபோது சடையன் ஜெயிலுக்குப் போகாமல் மலை ஏற மாட்டேன் என்றாய், அன்றைக்கு நாங்கள் எல்லாரும் அவனுக்கு வைத்த கெடு என்றுதான் நினைத்தோம், அது எங்களுக்கும் சேர்த்து விழுந்துவிட்டது.

குலசாமி உன் கூடவே நிற்கட்டும், தலைக்கு எண்ணெய் வைத்துக்கொள், ஐஸ் வேலை முடிந்ததும் கையைச் சுடுதண்ணீரில் வை, வெறும் வயிற்றோடு வேலைக்குப் போகாதே. வாய்தா தேதி ஆவணி இருபத்தேழு, மறக்காதே, உன் போனில் எழுதி வைத்துக்கொள். கையெழுத்துப் போடும் முன்பு ஒன்று சொல்லிவிடுகிறேன், இதைச் சொல்லாமல் உன்னைக் கூப்பிட மனசு ஒப்பவில்லை, இதற்கு அப்புறம் வருவதும் வராததும் உன் இஷ்டம். அந்தப் படத்தை நான் முன்னாடி பார்த்திருந்தேன் என்றேனே, பார்க்கவில்லை. மறுநாள் சிடியைத் திருப்பிக் கொடுக்கப் போனபோது ஷஃபியுல்லா பாய் கடையில்தான் முடிவைப் போட்டுப் பார்த்தேன். அவன் வாளை இறக்கவில்லை ஜீவா, வெட்டிவிட்டான். பாய்கூட, இன்னா தனசேகர், மூஞ்சி இப்டி ஆயிப்போச்சி, படம்தானே என்றார். வந்து உங்களிடம் சொல்லிவிடத்தான் நினைத்தேன், பஸ்ஸை விட்டு இறங்கினால் நீங்கள் இரண்டு பேரும் மூங்கில் குச்சியை வைத்துக்கொண்டு அந்தச் சண்டையைத்தான் விளையாடிக்கொண்டிருந்தீர்கள், சடையன் கீழே மல்லாந்து கிடந்தான், நீ குச்சியைக் கீழே போட்டுவிட்டுக் கையை நீட்டினாய். பதினாறு வருஷமாக எனக்கு வாய் வரவில்லை. எந்தப் படத்திலும் அப்படி ஒருத்தன் கை நீட்டி நான் பார்த்ததில்லை மகனே, நீ நீட்டித்தான் பார்த்தேன்.

உன் சித்தப்பா,
தனசேகரன்.