வண்டியின் பின்னால் உட்கார்ந்து போனது பெண் அல்ல, கடைப்பொம்மை

அனுப்புநர்:
துணிக்கடைப் பொம்மை வியாபாரி,
சந்தைத் தெரு.

பெறுநர்:
உயர்திரு காவல் உதவி ஆணையர் அவர்கள்.

பொருள்: என் கிடங்கின் பூட்டைத் திறக்கவும், காவல் நிலையத்தில் வைத்திருக்கும் என் பொம்மையைத் திருப்பித் தரவும் கோருதல்.

மதிப்புக்குரிய ஐயா,

1. தலைச்சுமையாகத் துணி விற்று முன்னுக்கு வந்தவன் நான். இப்போது துணிக்கடைகளுக்கு ஆளுயரப் பொம்மைகள் விற்கிறேன். உட்கார்ந்த வகைப் பொம்மையைப் படுக்கவைத்துக் கட்டினால் கழுத்து விரிசல் விடும். ஆகவே ஸ்கூட்டரின் பின்னால் உட்காரவைத்து, கைகளை ஓட்டுபவர் இடுப்பில் மாட்டி அனுப்புவோம். உடையில்லாமல் அனுப்பினால் தெருவே வேடிக்கை பார்க்கும், அதனால் சுடிதார். ஹெல்மெட், தங்கள் போக்குவரத்துக் காவலர் பொம்மைக்கு அபராதம் போட்ட பிறகு வந்த வழக்கம்.

2. திங்களன்று என் டெலிவரிக்காரர் அப்படிப் போனதைச் சிக்னலில் பார்த்த அவர் மனைவி, நேரே என் கடைக்கு வந்து கத்தினார்: "யாருண்ணே அவ? இத்தனை வருஷமா பின்னாடி உக்காந்து போறேன், என் துப்பட்டா சக்கரத்துல மாட்டுதான்னு ஒரு நாள் திரும்பிப் பாத்திருப்பாரா இந்த மனுஷன்? அவளுக்கு மட்டும் வண்டிய நிறுத்தி எடுத்துச் சொருகி விடுறாரு!" துணி அழுக்கானால் கடைக்காரர் வாங்கமாட்டார் என்பதால் செய்தது அது. வேறொரு பொம்மையின் கையைக் கழற்றியே காட்டினேன். "இது பொம்மை. அது பொம்மை இல்ல" என்று போய்விட்டார்.

3. போனவர், என் கிடங்கில் பெண்களை அடைத்து வைத்திருப்பதாகப் புகார் கொடுத்தார். ஆய்வாளர் ஜன்னல் வழியே டார்ச் அடித்து, வரிசையாகக் கால்களைப் பார்த்ததும் பூட்டி முத்திரை வைத்துவிட்டார். உள்ளே போய் ஒரு காலைத் தட்டியிருந்தால் போதாதா? வாங்கும் கடை பூட்டியிருந்ததால் திரும்பி வந்த ஸ்கூட்டரில் இருந்த பொம்மையையும் பறித்துக்கொண்டார். பொம்மைதான் என்று இப்போது அவருக்கே தெரியும். ஆனாலும், புகார் கொடுத்தவர் வாபஸ் வாங்கட்டும் என்கிறார். அந்தம்மாவோ, முதலில் அவளைக் கண்ணில் காட்டுங்கள் என்கிறார். நடுவில் நான் என்ன செய்வது?

4. வெள்ளியன்று புதிய துணிக்கடை ஒன்று திறக்கிறது. அன்று பொம்மை போய்ச் சேராவிட்டால் அந்த வாடிக்கை போட்டிக்காரன் கைக்குப் போகும். டெலிவரிக்காரரை அவர் மனைவி வீட்டுக்குள் விடவில்லை; என் கடை வாசலில்தான் படுக்கிறார்.

5. ஆகவே பூட்டை நாளைக்குள் திறக்க உத்தரவிட வேண்டும். பொம்மையையும் உடனே விடுவிக்க வேண்டும். அதை ஆய்வாளர் தம் அறையில், ஜன்னலோரம், எதிர் நாற்காலியில் உட்காரவைத்திருக்கிறார். நேற்று மாலை அவருக்குச் சாப்பாடு கொண்டுவந்த அவர் மனைவி, வெளியே நின்று வெகுநேரம் பார்த்துவிட்டு, டிபன் கேரியரோடு திரும்பிப் போனதை நானே பார்த்தேன். என் ஒரு கிடங்குக்கு வந்த கதி போதும் ஐயா.

இடம்: பூட்டிய கிடங்கின் வாசல்
நாள்: புதன்கிழமை

மரியாதை குறையாத கோபத்துடன்,
(கையொப்பம்)
பொம்மை வியாபாரி