பின்னால் வரும் யானை

சனிக்கிழமை, 14-6-1986

என் மனைவி மல்லிகா ஆஸ்பத்திரியில் படுத்ததிலிருந்து எங்கள் மகள் தினமும் அந்த யானை கார்ட்டூன் வீடியோ டேப்பைத்தான் போடச் சொல்கிறாள். யாரோ டிவியிலிருந்து பதிந்த நகல். குரலெல்லாம் தண்ணீருக்குள்ளிருந்து வருவதுபோல் இருக்கும். இன்று ஜாலான் புசார் கடையில் அதே கார்ட்டூனின் புது டேப் வாங்கி வந்தேன். படம் கண்ணாடி மாதிரி இருந்தது. குட்டி யானை நடக்கத் தொடங்கியதும் மகள் அழுதுவிட்டாள்.

“இது தனியா போகுதுப்பா. பின்னாலயே மங்கலா அம்மா யானை வருமே, அது எங்கே?”

அது ஏரியல் கோளாறில் குட்டிக்கே விழுந்த இரட்டை நிழல் என்று எப்படிச் சொல்வது? திங்கட்கிழமை பேசலாம் என்று டாக்டர் வேறு சொல்லியிருக்கிறார்.

பழைய டேப்பையே போட்டேன். நீல மூட்டத்தில் குட்டி நடந்தது. அதையொட்டி வெளிறிய யானையும் வந்தது. மகள் தூங்கிவிட்டாள். நான் கடைசிவரை பார்த்தேன். அது ஓரிடத்தில்கூடக் குட்டியை விட்டுப் போகவில்லை.