ஈரானியப் படத்துக் கணவர்கள்

அக்கா,

இன்று நம் குதைபியா தெரு ரொட்டிக்கடை வரிசையில் பாப்பாவை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றேன். அடுப்பிலிருந்து எடுத்த ஈரானி ரொட்டியைக் காகிதத்தில் சுற்றிக் கொடுத்தார்கள். அந்தச் சூட்டு எள் மணத்தில் உங்கள் வீட்டு ஹால் கண்முன் வந்துவிட்டது.

இந்த வளைகுடா ஊரில் எதிர் ஃபிளாட்டில் நீங்கள் இருந்த இரண்டு வருடமும், நம் வீட்டுக்காரர்கள் டூட்டிக்குப் போனதும் அந்த ரொட்டியைப் பிய்த்துத் தின்றபடி ஈரானியப் படம் பார்ப்போம். கல்லூரியில் திரைப்படக் கழகத்தில் இருந்த மிதப்பில் நான் விளக்குவேன். அங்கே திரையில் கணவன் மனைவியைத் தொடக்கூடாது. படுக்கையறையிலும் அவள் முக்காடு விலகாது. அதனால் பிரியமெல்லாம் ஆறுவதற்குள் நீட்டும் தேநீரிலும், தாழிடாமல் விட்ட கதவிலும் போய் ஒளிந்துகொள்கிறது என்பேன்.

"இம்புட்டுச் சுத்தி வளைச்சா ஒருத்தன் பிரியத்தச் சொல்லுவான், ஏட்டி?" என்று சிரிப்பீர்கள்.

பிறகு உங்களுக்கு அந்த வயிற்றுவலி. அத்தான் தானாகக் கேட்கட்டும் என்று காத்திருந்தீர்கள். "நானே சொல்லி அவுக ஆசுபத்திரிக்குக் கூட்டிட்டுப் போனா, அதுல என்ன பிரியம் இருக்கு?"

அன்றே உங்களை டாக்ஸியில் ஏற்றியிருக்க வேண்டும். நானோ, "அத்தான் ஈரானியப் படத்து ஆளு, அக்கா. வாயால கேக்க மாட்டாரு. வெயில்ல கெடந்த உங்க செருப்ப நேத்து உள்ள எடுத்து வெச்சாரே, பாத்தேன்" என்றேன். உங்கள் முகம் மலர்ந்தது. அந்தச் செருப்பை நம்பி இன்னும் மூன்று மாதம் வலி பொறுத்தீர்கள். வழியில் கிடந்ததைத்தான் நகர்த்தினாரோ என்னவோ.

ஸ்கேனில் கட்டி தெரிந்தபோது காலம் கடந்திருந்தது. வார்டில் அத்தான் கால்மாட்டில் நின்று போனைப் பார்த்துக்கொண்டிருந்தார். அவர் வெளியே போனதும் சொன்னீர்கள்: "படத்துல தொடக்கூடாதுன்னு சட்டம் தடுக்கு, ஏட்டி. இவுகள யாரு தடுக்கா?"

நானாவது உங்கள் கையைப் பிடித்தேனா? நினைவில்லை.

என் வீட்டுக்காரரும் அதிகம் பேசாதவர். காலையில் எனக்கும் சேர்த்து டீ போட்டு, தட்டால் மூடி வைத்துவிட்டு டூட்டிக்குப் போய்விடுகிறார். முன்பெல்லாம் அதைக் கண்டு பூரித்துப் போவேன். இப்போது தட்டைத் திறக்கவே பயமாக இருக்கிறது. வெறும் டீயாக இருந்துவிட்டால்?

ஒரு வாரமாகத் தலைசுற்றல், அக்கா. நேற்று பாப்பாவைத் தூக்கியபடியே சுவரில் சாய்ந்துவிட்டேன். இவர் பார்த்தார். பாப்பாவை வாங்கிக்கொண்டார். எதுவும் கேட்கவில்லை.

நானும் சொல்லவில்லை. உங்களைப் பறிகொடுத்த பிறகும், அவராகக் கேட்கட்டும் என்று உட்கார்ந்திருக்கிறேன்.