உங்கள் உயரம் மகளுக்கும் வந்தது

விறாந்தையில் மகளின் விளையாட்டுப் பை கிடக்கிறது. கொழும்பில் நடக்கும் பயிற்சி முகாமுக்கென்று கட்டிவைத்தது. ரப்பர் பந்தும் தைலமும் கலந்த வாடை, நீங்கள் லீவில் வந்து இறங்கியது போலவே. முன்பென்றால் அந்த வாடைக்கே எனக்குச் சிரிப்பு வரும். இன்று அந்தப் பையைச் சுற்றிக்கொண்டு நடக்கிறேன்.

நம் பக்கம் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குக் குடிவருவார். உங்களைப் பேசி முடித்ததும் என் வாப்பா மேசனைக் கூப்பிட்டு, கட்டி முடிந்த வீட்டின் கதவு நிலைகளை இடித்து உயர்த்தினார். "மருமகன் ஒவ்வொரு நாளும் நமக்கு முன்னால குனிஞ்சு வரப்படாது" என்றார். மகள் தலைக்கும் அந்த நிலைக்கும் இப்போது நாலு விரல்தான் இடைவெளி.

கொழும்புக் கம்பனியொன்றின் கூடைப்பந்து அணி உங்களைச் சம்பளத்துக்கு எடுத்தபோது, "பந்தடிக்கவா காசு தாறானுகள்?" என்று சந்தையில் கேட்டார்கள். பிறகு மாலைதீவு, அதற்குப் பிறகு கட்டார். சென்டர் என்றால் வளையத்தின் கீழே தென்னைமரம் மாதிரி நிற்பவர் என்றுதான் நான் நினைத்திருந்தேன். நீங்களோ பந்தைப் பறித்து, நீங்களே தட்டிக்கொண்டு ஓடி, தூர நின்றும் போட்டீர்கள். எந்த இடத்தில் விட்டாலும் ஆடினீர்கள். "உயரம் அல்லாஹ் தந்தது. மத்ததெல்லாம் நான் படிச்சது புள்ள" என்பீர்கள். பெருமைக்குக் குறைச்சலில்லை!

இடையில் லீவில் வந்தபோது தலைசுற்றி விழுந்தீர்கள். "இந்த உயரத்துக்குக் கண்ணூறு படாம என்ன செய்யும்?" என்று உங்கள் கூடப் பிறந்த ராத்தா தண்ணீர் ஓதிக் கொண்டுவந்தா. குடித்தீர்கள், தெளிந்தீர்கள், விமானம் ஏறினீர்கள். அடுத்த முறை கட்டாரில் வளையத்தின் கீழே விழுந்தீர்கள். எழும்பவில்லை.

போன கிழமை மகளும் பயிற்சியில் மயங்கி விழுந்தாள். ராத்தா மறுபடியும் ஓதிய தண்ணீரோடு வந்தா. அதைக் குடிக்கக் கொடுத்தேன். கொடுத்த கையோடு ஆட்டோவில் ஏற்றி ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனேன். ஸ்கேன் அறைக்கு வெளியே, சின்னப் பிள்ளையிலிருந்து ஓதிவந்த குர்ஆன் சூறாகூட எனக்கு வாயில் வரவில்லை.

"இதயத் தசை தடிச்சிருக்கு. வாப்பாக்கும் இதுதான் இருந்திருக்கும்" என்றார் டாக்டர். "மருந்து இருக்கு, பயப்பிடாதீங்க. ஆனா இனி இவ விளையாடப்படாது."

பயப்பிடாதீங்களாம்! அவள் கண்ணயர்ந்தால் நெஞ்சு ஏறி இறங்குகிறதா என்று பார்த்துக்கொண்டே நிற்கிறேன். கோப்பை விழுந்து சத்தம் கேட்டாலும் ஓடுகிறேன்.

அவள் அழவில்லை. திரும்பி வரும்போது ஆட்டோவில் கேட்டாள்: "உம்மா, டாக்டர் வாப்பாக்கிட்ட இப்படிச் சொல்லியிருந்தா, அவர் விளையாட்டை விட்டிருப்பாரா?"

உங்களை எனக்குத் தெரியாதா? சிரித்துக்கொண்டே டாக்டரின் தோளில் தட்டிவிட்டு, நேரே மைதானத்துக்குப் போயிருப்பீர்கள்.

"ஓம், மகள். அந்த நிமிசமே விட்டிருப்பாரு" என்றேன்.

நம்பிவிட்டாள். மறுமையில் என்னைக் கண்டால் கோபித்துக்கொள்ளுங்கள். சாகும்வரை இந்தப் பொய்யை நான் விடமாட்டேன். எனக்குப் பிள்ளை வேணும்.