ஷட்டர் பெட்டியில் குடியிருப்பவர்களின் வயது

அன்புள்ள பெரியவளுக்கு,

அப்பா எழுதுவது. என் வலது கைக் கட்டைவிரல் ஒன்றைத் தவிர இங்கே எல்லாரும் எல்லாமும் நலம், உன் பத்து விரலும் நலமாக இருக்கும் என்று நம்புகிறேன். விரலில் கட்டுப் போட்டிருப்பதால் பேனா பிடிக்க முடியவில்லை, நான் சொல்லச் சொல்ல உன் தங்கை எழுதுகிறாள், சொன்னதை மட்டும் எழுது என்று கண்டிப்பாகச் சொல்லியிருக்கிறேன். (அக்கா, வாலு பேசுகிறேன். வெளியே இருப்பது அப்பா, அடைப்புக்குறிக்குள் இருப்பது நான். வீட்டிலும் அதே கதைதான், என்னை அடைத்து வைக்கத்தான் பார்க்கிறார்கள்.) நீ அனுப்பிய போட்டோ வந்து சேர்ந்தது, அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன். அடுத்த மாதம் லீவுக்கு வருவதாக எழுதியிருந்தாய், வந்து இறங்குவதற்குள் உன் அறையைப் பற்றி ஒரு விஷயம் உனக்குத் தெரிய வேண்டும், ஆனால் அதை எடுத்த எடுப்பில் சொன்னால் நீ அங்கிருந்தே சண்டைக்கு வருவாய், முதலிலிருந்து சொல்கிறேன், பொறுமையாகப் படி.

நம் பைண்டிங் கடைக்கு ஒரு பேப்பர் கட்டிங் மெஷின் வேண்டும் என்று நான் எத்தனை வருஷமாகப் புலம்புகிறேன் என்று உனக்கே தெரியும். தைத்து ஒட்டி அட்டை போட்ட புத்தகத்தை எல்லாம் ஓரம் வெட்ட ஊருக்கு அந்தக் கோடியில் இருக்கும் பிரஸ்ஸுக்குத் தூக்கிக்கொண்டு போய், அந்த ஆள் டீ குடித்து முடித்து வரும்வரை காத்திருந்து, கத்தி அவனுடையது கழுத்து நம்முடையது என்று நிற்பேன். இப்போது அந்தத் தலைவலி தீர வழி வந்தது. கடைத்தெருவில் பழைய பிரஸ் வைத்திருந்த பெரியவர் கடையை மூடிவிட்டு மகனோடு போய் இருக்கப்போகிறார், அவருடைய மெஷினை எனக்கே தருகிறேன் என்றார். ஒரே நிபந்தனை, கட்டடத்தை மாதக் கடைசியில் காலி செய்து சாவி கொடுக்க வேண்டும், அன்று காலை லாரியில் ஏற்றி அனுப்புவேன், அன்றைக்கு இறக்க முடியாது என்றால் கேட்டு நிற்கும் வேறொருவருக்குப் போய்விடும் என்றார். நூலகத்து ஆர்டர் வேறு கையில் இருக்கிறது, அந்த மெஷின் இல்லாமல் சொன்ன தேதிக்குக் கொடுக்க முடியாது. சரி, வாசலை அளந்து பார்க்கலாம் என்று, கோடை முழுக்க வெயிலுக்காக இடுப்பளவுக்கு மேல் தூக்காத கடை ஷட்டரை அன்று சாயங்காலம் முழுக்க மேலே தூக்கப் போனேன், பாதி ஏறியதும் தலைக்கு மேலே ஒரே கீச்சுக் கீச்சு. ஷட்டர் சுருண்டு உட்காரும் அந்தத் தகரப் பெட்டிக்குள், மூலையில், ஒரு தாய் அணில் தேங்காய் நாரும் நம் கடைத் தையல் நூலும் வைத்துக் கூடு கட்டிக் குட்டி போட்டிருக்கிறது. ஷட்டர் இடுப்பளவு ஏறும்வரை பரவாயில்லை, அதற்கு மேல் ஏற ஏறச் சுருள் பெருத்துக்கொண்டே போய் அந்த மூலையை நசுக்கிவிடும்.

ஊரில் வேறு யார் கடையில் அணில் குட்டி போட்டிருந்தாலும் விரட்டிவிட்டு வேலையைப் பார்ப்பார்கள், என் தலையெழுத்து, என் பெண்டாட்டிக்கு உத்தியோகமே அணிலுக்கு வயசு பார்ப்பது. (அப்பா இதைச் சொல்லும்போது அம்மா சமையலறையில் இருக்கிறாளா என்று எட்டிப் பார்த்துவிட்டுத்தான் சொன்னார்.) காட்டில் கூண்டு வைத்துப் பிடித்து, துணிப் பைக்குள் விட்டு, வில் தராசில் தொங்கவிட்டு, பல்லைப் பார்த்து வாலைப் பார்த்துத் திருப்பி விடுகிறாளே, அதையே கடையிலும் செய்தாள். குட்டிக்கு வயசு சொல்வது சுலபமாம், வாரத்துக்கு ஒன்று மாறிக்கொண்டே வருமாம், காது மடல் விரியும், கீழ்ப்பல் வரும், கண் திறக்கும், மேல்பல் வரும், அப்புறம் வால் ரோமம் புசுபுசுவென்று சிலிர்க்கும். ஒரு வயசைத் தாண்டிவிட்டால் எல்லாமே பெரிய அணில்தான், உயிரோடு ஓடுகிற அணிலை வெறும் கண்ணால் பார்த்து அதற்கு மேல் வயசு சொன்னால் அது ஜோசியம் என்றாள். ஆனால் அம்மாவுக்கு ஒரு பழக்கம் உண்டு, கையில் வைத்திருக்கிற ஒவ்வொரு நிமிஷமும் அந்தப் பிராணிக்குப் பயம், அதனால் முதலில் எடை, எந்த வயசுக்கு எவ்வளவு எடை என்ற பட்டியலோடு அது ஒத்துப்போனால் மற்றதைப் பார்க்காமல் உடனே விட்டுவிடு என்பாள். இங்கேயும் தாய் வெளியே போன நேரம் ஏணியில் ஏறி, கையை விட்டு, ஒவ்வொரு குட்டியாகப் பைக்குள் தள்ளி நிறுத்து, பை திறக்காமல் அப்படியே திருப்பி வைத்தாள். மூன்றும் பட்டியலில் கோடு போட்ட மாதிரி ஒத்துப்போயின. நல்ல வளர்ந்த குட்டிகள், லாரி வருவதற்கு முன்பே தானாக வெளியே ஓடிவிடும், அதுவரை ஷட்டரை இடுப்புக்கு மேல் தூக்காதீர்கள் என்றாள்.

அதனால் வெயில் காலம் போன பிறகும் கடைக்கு வருகிறவர்கள் எல்லாரும் குனிந்துதான் வந்தார்கள். வாத்தியார் ஒருவர் அரைகுறையாகக் குனிந்து நெற்றியில் இடித்துக்கொண்டார். உன் தங்கை சும்மா இருப்பாளா, பெரிய அட்டையில் "தலைவணங்கி உள்ளே வரவும், முதலாளி எதிர்பார்க்கிறார்" என்று எழுதித் தொங்கவிட்டாள், நான் கிழித்தேன், மறுநாள் "பிரசவ வார்டு, சத்தம் போட்டால் ஊசி" என்று தொங்கியது. (வியாபாரம் கூடியது என்பதை மட்டும் சொல்ல மாட்டார். பார்க்க வந்தவர்களில் பாதிப் பேர் ஏதாவது ஒரு நோட்டுக்கு அட்டை போட்டுக்கொண்டுதான் போனார்கள்.) நானும் தினம் திட்டிக்கொண்டேதான் இருந்தேன், வாடகை இல்லாக் குடித்தனம், நூலைத் திருடுகிறது, பேப்பரில் மூத்திரம் போகிறது என்று. இதற்கு நடுவே வீட்டில் வேர்க்கடலை டப்பா நிரப்ப நிரப்பக் காலியாகிக்கொண்டிருந்தது, அம்மா உன் தங்கையைத் திட்டினாள், அது ஒரு சின்ன விஷயம். (சின்ன விஷயமா? நான் கடலையே தொடவில்லை, அக்கா. வாயைத் திறந்து காட்டு என்றுகூடச் சொன்னாள். அணிலுக்குக்கூட எடை போட்டுத்தான் பார்த்தாள், எனக்கு நேராகப் பல் பரிசோதனை.)

லாரி வர இருந்ததற்கு முந்தின நாள் எனக்குக் கட்டைவிரலில் லேசாகக் காயம் பட்டது. ஆஸ்பத்திரியில் கட்டுப் போட்டு ஊசி போட்டார்கள். (இந்த இடத்தில் அப்பா தண்ணீர் குடிக்கப் போய்விட்டார், மீதியை நான் சொல்கிறேன். ரத்தம் சொட்டச் சொட்ட வந்து ஸ்டேப்ளர் குத்திவிட்டது என்றார். ஆஸ்பத்திரியில் நர்ஸம்மா விரலைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, ஸ்டேப்ளருக்கு எப்போது மேலேயும் கீழேயும் பல் முளைத்தது என்று கேட்டார். அம்மா ஒரு தடவைதான் பார்த்தாள். அவள் கத்தவில்லை, அதுதான் பயமாக இருந்தது. "அது ரெண்டு மாசமா உங்களைப் பார்த்துக்கிட்டுத்தான் இருக்கு, ஒரு தடவையாவது கிட்ட வந்துச்சா? கை கூட்டுக்குள்ள வந்தாத்தான் கடிக்கும். உங்க கை அங்க என்ன பண்ணுச்சு?" என்றாள். அப்பா கட்டுப் போட்ட விரலையே பார்த்துக்கொண்டு, "கடலை வெச்சேன்" என்றார். நர்ஸம்மா திரும்பிக்கொண்டு சிரித்தார். தினமுமா என்றாள் அம்மா. தினமும்தான், அது வயித்தைத் தள்ளிக்கிட்டு நூல் திருட வந்த நாள்லேர்ந்தே, இப்போ பால் குடுக்கணும்னு தீனிக்கு அலையுது, வெளியே போய்த் தேடிட்டு வர்றதுக்குள்ள குட்டிங்க கத்துது, எனக்கு வேலை ஓடலை, அதான் என்றார். நான் அங்கேயே என் மேல் போட்ட கடலைக் கேஸைத் தள்ளுபடி செய்யச் சொன்னேன். யாரும் காதில் வாங்கவில்லை, ஏனென்றால் அம்மாவின் முகம் மாறிவிட்டது. பொய் சொன்னதற்கு இல்லை. எடைக்கு.)

வந்துவிட்டேன். விஷயம் எடைதான். அம்மாவின் பட்டியல் காட்டு அணிலுக்கானது, தாய் நாலு மரம் ஏறி இறங்கி, கிடைத்ததைத் தின்று பால் கொடுக்கிற குட்டிக்கானது. நம் கடை அணிலுக்கு உட்கார்ந்த இடத்தில் கடலை, அதனால் குட்டிகள் வயசுக்கு மீறிக் கொழுத்துவிட்டன. ஆஸ்பத்திரியிலிருந்து நேராகக் கடைக்கு வந்து ஏணியில் ஏறி, இந்தத் தடவை பை இல்லாமல் டார்ச் அடித்துப் பார்த்தாள். கண் இப்போதுதான் திறந்திருக்கிறது, மேல்பல் வந்தும் வராமலும் வெள்ளையாக ஒரு முனை, வால் ரோமம் சிலிர்க்கவே இல்லை, விளக்குத் திரி மாதிரி ஒட்டிக்கிடக்கிறது. தானாக ஓடுவதற்கு இன்னும் மூன்று வாரமாவது ஆகும், நான் சொன்ன வயசு தப்பு என்றாள். இத்தனை வருஷத்தில் அவள் வாயால் அதைக் கேட்டது இதுதான் முதல் தடவை, எனக்குச் சந்தோஷமாக இருந்திருக்க வேண்டும், இல்லை. கூட்டை ஒரு பெட்டியில் எடுத்து வைத்தால் தாய் வந்து தூக்கிக்கொண்டு போகாதா என்று கேட்டேன். போகலாம், போகாமலும் இருக்கலாம், பாதிக்குப் பாதி, உங்க மெஷின், நீங்க சொல்றதுதான் என்று என் தலையில் கட்டிவிட்டு ஏணியை மடக்கினாள்.

காலையில் லாரி வந்து கடை வாசலில் நின்றது, மெஷின் கல்யாணப் பெண் மாதிரி தார்ப்பாயைப் போர்த்திக்கொண்டு உட்கார்ந்திருந்தது. ஷட்டரைத் தூக்குங்கண்ணே என்றான் டிரைவர். நான் தூக்க முடியாது என்றேன். ரிப்பேரா என்றான். இல்லப்பா, உள்ள குழந்தைங்க இருக்கு என்றேன். "யார் வீட்டுக் குழந்தைண்ணே, கடைக்குள்ள?" என்று குனிந்து பார்த்தான். (நான் மேலே கையைக் காட்டினேன். தாய் அணில் விளிம்பில் உட்கார்ந்து அவனைத் திட்டியது. அவன் எஞ்சினை அணைத்துவிட்டு, "இதுக்கெல்லாம் வாடகை வாங்குறீங்களா" என்றான்.) இறக்கவில்லை என்றால் வேற ஆளுக்குப் போகட்டுமா என்று போனை எடுத்தான். அப்போதுதான் அம்மா கடைக்குப் பின்னால் வீட்டுக்குள்ளிருந்து, சந்துப் பக்கம் இரட்டைக் கதவு இருக்கே, அது அகலம்தானே என்றாள். அந்தக் கதவு எந்த அறைக் கதவு என்று உனக்குச் சொல்ல வேண்டியதில்லை.

ஆக விஷயம் இதுதான், மெஷின் உன் அறையில் இருக்கிறது. கட்டிலைக் கழற்றிக் கூடத்தில் போட்டோம், உன் புத்தகங்களைக் கட்டி மேல்தட்டில் வைத்தோம், ஒன்றும் தொலையவில்லை, உன் கண்ணாடியை எடுக்க இடமில்லாமல் அங்கேயே விட்டதில் புத்தகம் வெட்டும்போது என் மூஞ்சியை நானே பார்த்துக்கொண்டு வெட்டுகிறேன். (அப்பாவின் மூஞ்சிக்கும் இப்போதுதான் ஓரம் சரியாக இருக்கிறது.) நூலகத்து ஆர்டர் பாதி முடிந்தது. அணில்கள் போனதும் ஆள் வைத்து மெஷினைக் கடைக்கு மாற்றிவிடுவேன். எப்போது போகும் என்று அம்மாவிடம் கேட்டேன், தேதி கேட்காதீங்க, வால் சிலிர்த்து விளிம்புக்கு வந்து உட்காரட்டும், அப்போ சொல்றேன் என்கிறாள். கடலை போடுவதை நிறுத்தச் சொல்லவில்லை, எவ்வளவு போடுகிறீர்கள் என்று என்னிடம் சொல்லிவிட்டுப் போடுங்கள் என்றுதான் சொன்னாள். அதற்குள் நீ வந்துவிட்டால் கொஞ்ச நாள் கூடத்தில் உன் தங்கையோடு படுத்துக்கொள். (நான் உதைப்பேன், முன்கூட்டியே சொல்லிவிட்டேன்.)

போட்டோவைப் பற்றிச் சொல்கிறேன் என்றேன். பார்த்ததும் நீ இளைத்துவிட்டாய் என்று எனக்குத் தோன்றியது, அங்கே சரியாகச் சாப்பிடுகிறாயோ இல்லையோ என்று அம்மாவிடம் கேட்டேன். அவள் போட்டோவை ஜன்னல் வெளிச்சத்துக்குக் கொண்டுபோய் வெகுநேரம் பார்த்தாள். எடையை வெச்சு இனிமே நான் எதையும் சொல்றதா இல்லை, நேர்ல வரட்டும், கிட்ட உட்கார வெச்சுப் பார்த்துட்டுச் சொல்றேன் என்றாள். போட்டோ இப்போது அவளுடைய வேலைப் பையில், வில் தராசுக்குப் பக்கத்தில் இருக்கிறது. அதனால் லீவைத் தள்ளிப் போடாதே.

உடம்பைப் பார்த்துக்கொள், வேலையில் யார் என்ன சொன்னாலும் மனசில் வைத்துக்கொள்ளாதே, எங்கள் இருவரின் ஆசியும் உனக்கு எப்போதும் உண்டு. ஒன்று மட்டும் மறக்காதே, ஸ்டேஷனிலிருந்து வரும்போது பழக்க தோஷத்தில் கடை வழியாக நுழைந்தால் குனிந்து வா, ஷட்டர் இடுப்பளவுதான் இருக்கும்.

இப்படிக்கு, இடது கையால் கோணலாகக் கையெழுத்திடும்
அப்பா

(கடைசியில் படித்துக் காட்டு என்றார், அடைப்புக்குறிகளை விட்டுவிட்டுப் படித்தேன், பரவாயில்லையே, ஒழுங்காகத்தான் எழுதியிருக்கிறாய் என்றார். கவர் ஒட்ட நான் பசை தேடுவதற்குள் அவரைக் காணோம். கடைப் பக்கம் ஏணி இழுக்கும் சத்தம் கேட்கிறது. அம்மா சமையலறையிலிருந்து, "எத்தனை?" என்று கேட்கிறாள். "ஆறு" என்கிறார் அப்பா. நான் எண்ணி வைத்திருந்த டப்பாவில் ஒன்பது குறைகிறது, அக்கா. நீ சீக்கிரம் வா.)