ஆண் ஈ பிறக்காத குப்பி

அக்கா,

இன்று மத்தியானம் கூடத்தில் தொங்கிய வாழைத்தாரில் ஒரு பழம் வெடித்திருந்தது. அதன்மேல் எள்ளளவு ஈக்கள், சிவந்த கண்களோடு. அண்ணி ஈரத்துணியால் ஓங்கி ஓங்கி அடித்தார். பழம் கூழாகிச் சுவரில் வழிந்த பிறகும் அடித்தார்.

போன வருஷம் திருச்சிக் காலேஜிலிருந்து கோடை விடுமுறைக்கு நீ அரியலூர் வந்தபோது பெட்டியில் துணியைவிடக் குப்பிகளே அதிகம். கம்புக்கூழில் வெல்லம் கரைத்து ஈப்புழுக்களுக்கு வைத்தாய். பாதிக் குப்பிகளில் மட்டும் பார்மலின் சொட்டுகள்.

"பொணம் அழுகாம வைக்கிற மருந்துடி. உசுரோட இருக்குறதோட வெதைய இது மாத்துதான்னு பாக்கணும்."

மருந்து தின்று வளர்ந்த ஆண் ஈயின் பேரப்பிள்ளைகளை எண்ண வேண்டும். ஒரு குப்பியில் பெண்கள் மட்டும் பிறந்து ஆண் ஒன்றுகூட இல்லையென்றால், மருந்து விதையைக் கெடுத்து ஆண்களைக் கருவிலேயே கொன்றிருக்கிறது. ஈதரில் மயங்கிய ஈக்களைக் கோழியிறகால் தள்ளித் தள்ளி நான் எண்ணினேன், நீ எழுதினாய். மருந்திடாத குப்பிகளை எண்ண எனக்குச் சலிப்பு. "அதையும் எண்ணுடி. அது இல்லாட்டி இது பொய்யி" என்பாய்.

ஆண் இல்லாத முதல் குப்பியைக் கண்டதும் துள்ளிக்கொண்டு ஓடினேன். எதிரே அண்ணி. மூன்று பெண்களுக்குப் பின் அவருக்குப் பிறந்த ஆண் குழந்தை, மூச்சில்லாமல் பிறந்து பத்து நாள்கூட ஆகவில்லை.

"ஆம்பளப் புள்ளையே பொறக்கல அண்ணி! அக்கா மருந்து வேலை செஞ்சிடுச்சு!"

அண்ணி போட்ட கூச்சலில் அண்ணன் பக்கத்துப் பருத்தி மண்டியிலிருந்து ஓடிவந்தார். "என் வூட்டுல ஆம்பளப் புள்ள தங்காம இருக்க மருந்தாடி காய்ச்சுற?" ஒரே உதையில் குப்பிகளும் ஈதர் புட்டியும் சிதறின. உன் சடையைப் பிடித்துக் கண்ணாடித் துண்டுகளின் மேல் இழுத்தார். முழங்காலெல்லாம் இரத்தம். நீயோ, "அண்ணே, ஈதரு! அடுப்ப அணைங்க!" என்றுதான் கத்தினாய். அதற்குள் தரையோடு தீ ஓடி வந்தது. என்னை வாசலுக்குத் தள்ளியபோது உன் தாவணி எரிந்துகொண்டிருந்தது. வெறுங்கையால் அணைத்த அண்ணனின் விரல்கள் இன்றும் மடங்குவதில்லை.

ஆஸ்பத்திரியில் மூன்று நாள். "ஏதாச்சும் மிச்சமிருக்கா? எண்ணு" என்றாய். அதுதான் நீ கடைசியாகப் பேசியது.

நெற்குதிருக்கு அடியில் ஒரு குப்பி மட்டும் உருண்டு கிடந்தது. மருந்திடாத குப்பி. பெண் இருபத்திரண்டு, ஆண் இருபது. உன் நோட்டின் கடைசிப் பக்கத்தில் எழுதி, ஒரு வருஷமாகப் பள்ளிப் புத்தகங்களுக்கு அடியில் ஒளித்து வைத்திருந்தேன்.

இன்று அண்ணியின் கையிலிருந்து துணியைப் பிடுங்கி, நோட்டை அவர் மடியில் வைத்தேன். "மருந்து திங்காத ஈக்கெல்லாம் ஆம்பளப் புள்ள பொறந்துச்சு அண்ணி. அந்த மருந்த ஈயத் தவிர யாரும் தொட்டதில்ல. உங்க புள்ளைய அக்கா ஒண்ணும் செய்யல."

அவர் அந்த எண்களை விரல் வைத்துப் படித்தார். பிறகு என் கன்னத்தில் அறைந்தார். அறைந்த கையாலேயே என்னை இழுத்து அணைத்துக்கொண்டார்.

"இத அன்னிக்கே சொல்லக் கூடாதாடி?"

கன்னம் இன்னும் எரிகிறது. மருந்திட்ட பாதியை மட்டும் எண்ணிவிட்டு ஓடியவள் நான்தான், அக்கா.