மயில் போட்ட மேசைவிரிப்பு

சிவகிரி
20.6.79

அன்புள்ள ஆறுமுகத்தாய்க்கு,

பூமாரி எழுதுவது. இங்கே எல்லோரும் நன்றாக இருக்கிறோம். நான் மட்டும் நேற்றிலிருந்து நன்றாக இல்லை. காரணம் உன் மயில்.

எங்கள் வீட்டுக்காரர் ஆபீசிலிருந்து இரண்டு பேர் வந்தார்கள். அத்தை வழக்கம்போல, "அந்த மேசைவிரிப்ப எடுத்துப் போடு தாயி" என்றார்கள். போட்டேன். வந்தவர் காபி டம்ளரைக் கொண்டுபோய் மயிலின் கழுத்தில் வைத்தார். எடுத்தபோது வட்டமாகக் கறை. எனக்குச் சோப்பைக் கையில் எடுக்கவே பயமாக இருக்கிறது. ஓரத்துச் சிவப்பு நூல் சாயம் இறங்கிவிட்டால் என்ன செய்வேன்? அத்தையோ, "நீ போட்டதுதான, ஒனக்குத் தெரியாததா?" என்கிறார்கள். ஷரீபா பீவி டீச்சர் வீட்டுத் தையல் வகுப்பில் நூலைச் சிக்காக்கியதைத் தவிர நான் வேறு என்ன செய்தேன் என்று உனக்குத்தானே தெரியும்.

உடனே எழுது. கார்டில் எழுதிவிடாதே. தபாலை மாமா வாங்கிப் படித்துவிட்டுத்தான் உள்ளே கொடுப்பார்கள். இன்லண்டில் எழுதி நன்றாக ஒட்டி அனுப்பு.

உன் பிரியமுள்ள
பூமாரி


சங்கரன்கோவில்
25.6.79

அன்புள்ள பூமாரிக்கு,

கல்யாணமாகிப் போன மூன்று வருஷத்தில் நீ எழுதின கடிதங்களில் பாதிக்கு மேல் துவைக்கிற சங்கதிதான். ஏட்டி, நான் சாப்பிட்டேனா என்று ஒரு வரி கேட்டால் உன் பேனாவில் மை தீர்ந்துவிடுமா?

சோப்பைத் தொடாதே. கறை பட்ட இடத்தை மட்டும் பச்சைத் தண்ணீரில் நனைத்து, பூந்திக்கொட்டை நுரையை விரல் நுனியால் தட்டித் தட்டி வை. தேய்த்தால் நூல் பிசிராகிவிடும். பிறகு ஒரு பேசின் தண்ணீரில் கைப்பிடி கல்லுப்பைக் கரைத்து, முழுவதையும் முக்கி உடனே எடு. ஊறினால் சிவப்பு இறங்கிவிடும். பிழியாமல் துண்டில் வைத்துச் சுருட்டி ஈரத்தை எடுத்து நிழலில் போடு. இஸ்திரி போடும்போது மயிலைக் குப்புறப் படுக்க வைத்துப் பின்பக்கம் தேய்க்க வேண்டும். அடியில் ஒரு துண்டு மெத்தென்று இருக்கட்டும், இல்லாவிட்டால் தோகைத் தையல் எல்லாம் படுத்துப்போகும். சமிக்கி இருக்கிற இடத்தில் சூடு காட்டாதே, சுருண்டுவிடும். இனிமேல் மயிலை மேசை நடுவில் வைக்காமல், முன் ஓரத்தில் தொங்குகிற மாதிரி இழுத்துப் போடு. டம்ளரை எல்லோரும் நடுவில்தான் வைப்பார்கள்.

இனி என் விஷயம். ஆவணியில் என்னைப் பார்க்க ஒரு இடத்திலிருந்து வருகிறார்கள். மாப்பிள்ளை உங்கள் ஊர்தான். துரைப்பாண்டி என்று பெயர், கூட்டுறவுச் சங்கத்தில் வேலை. நான் கண்ணாடி போட்டதிலிருந்து வந்த இரண்டு இடமும் கண் தெரியாத பெண் என்று சொல்லிப் போய்விட்டார்கள். எனக்கு இருபத்தாறு முடிகிறது. "அந்த மயில வாங்கி வையி. எட்டு மாசமா இழை எண்ணிப் போட்டவளுக்கா கண்ணு தெரியாதுன்னு நான் கேக்கேன்" என்று அம்மா சொல்லிக்கொண்டே இருக்கிறாள்.

அன்றைக்கு உன்னைப் பெண் பார்க்க வந்தபோது உன் அம்மா மயிலை வாங்கிப் போய், நீ போட்டது என்று காட்டினார்கள். சரி என்றேன். உன் அத்தைக்குப் பிடித்துப்போய்க் கையோடு கொண்டுவரச் சொன்னார்கள். அதற்கும் சரி என்றேன். எனக்கு ஒரு இடம் வரும்போது திருப்பித் தருவேன் என்று நீதான் கையடித்துச் சொன்னாய். இப்போது வந்திருக்கிறது. அனுப்பி வை.

உன் பிரியமுள்ள
ஆறுமுகத்தாய்


சிவகிரி
9.7.79

அன்புள்ள ஆறுமுகத்தாய்க்கு,

கறை போய்விட்டது. நீ நல்லா இருப்ப.

ஆனால் உன் கடிதம் பார்த்ததிலிருந்து எனக்குச் சோறு இறங்கவில்லை. துரைப்பாண்டி எங்கள் எதிர்வீடு. நல்ல மனுஷன், குனிந்த தலை நிமிராமல் போவார். அவருடைய அக்கா இசக்கித்தாய் மதினியை அடுத்த தெருவில்தான் கட்டிக் கொடுத்திருக்கிறது. அவள் இந்த மயிலைப் பத்துத் தடவையாவது தடவிப் பார்த்திருப்பாள். போன பொங்கலுக்கு வாங்கிப் போய்த் தன் வீட்டு டீப்பாயில் கூட விரித்தாள். அதையே நீ எடுத்துக் காட்டினால், என்னிடம் இரவல் வாங்கி ஏமாற்றுகிறாய் என்றுதான் நினைப்பாள். அப்படி இல்லையென்று நீ சொன்னால், பொய் சொல்லிக் கட்டிக்கொண்டு வந்தவள் என்று இந்த வீட்டில் எனக்குக் காலத்துக்கும் பெயர். என் அம்மா தலையும் சேர்ந்து குனியும்.

வேறு ஏதாவது காட்டேன். ரேடியோவுக்கு மேல் போடுகிற துணி ஒன்று ரோஜாப்பூ வைத்து நீ போட்டாயே, அது போதாதா? உன் காலில் விழுந்து கேட்கிறேன், என்னைக் காட்டிக் கொடுத்துவிடாதே. அடுத்த மாதம் ஆடித்தபசுத் திருவிழாவுக்குக் கூட நான் அங்கே வரப்போவதில்லை. உன் முகத்தைப் பார்க்கத் தைரியம் இல்லை.

பூமாரி


சங்கரன்கோவில்
28.8.79

பூமாரிக்கு,

ஞாயிற்றுக்கிழமை வந்தார்கள். நீ சொன்னபடியே ரேடியோத் துணியைக் காட்டினேன். மாப்பிள்ளையின் அக்கா அதை விரலால் தடவிவிட்டு, "நல்லாத்தான் இருக்கு. ஆனா எங்கூர்ல பூமாரின்னு ஒருத்தி மயில் போட்டிருக்கா பாருங்க, தோகையில ஒவ்வொரு கண்ணும் நம்மளப் பாக்கும். கண்ணாடி போட்டுக்கிட்டு அந்த வேலையெல்லாம் ஓடாதுல்லா" என்றார்கள்.

அம்மா வாயைத் திறந்தாள். நான் அவள் சேலையைப் பிடித்து இழுத்துவிட்டு, "ஆமா, அவ கெட்டிக்காரி. நாங்க ரெண்டு பேரும் ஒரே டீச்சர்ட்டதான் படிச்சோம்" என்றேன். அப்போது மட்டும் மாப்பிள்ளை நிமிர்ந்து பார்த்தார். ஊருக்குப் போய்க் கடுதாசி போடுவதாகச் சொல்லிப் போனார்கள். போடமாட்டார்கள்.

கோபம் இல்லை என்று எழுதத்தான் உட்கார்ந்தேன். எழுத வரவில்லை. கோபம்தான். என் வீட்டில் உட்கார்ந்துகொண்டு, என் கை வேலையை இன்னொருத்தியுடையது என்று நானே சொன்னேன். அம்மா இரண்டு நாளாக என்னோடு பேசவில்லை. அந்த ஒரு விரிப்பைத் தவிர எனக்குச் சொல்லிக்கொள்ள என்ன இருக்கிறது பூமாரி?

மயிலை நீயே வைத்துக்கொள். இனி அதைத் துவைக்கிறதைப் பற்றி எனக்கு எழுதாதே.

ஆறுமுகத்தாய்


சிவகிரி
7.9.79

என் ஆறுமுகத்தாய்க்கு,

இதைக் கிழித்துப் போடாமல் முழுவதும் படி.

உன் கடிதம் வந்த அன்று சாயந்திரம் இசக்கித்தாய் மதினி வந்தாள். நானே இழுத்துப் போட்டிருந்த மயில் மேசையில் கிடந்தது. அத்தை, மாமா எல்லோரும் இருக்கிறார்கள். "சங்கரன்கோவில் பொண்ணு ஒன்னய அப்படி ஒசத்தியாச் சொல்லுதா பூமாரி. குணம் நல்ல குணம். கண்ணாடிதான் யோசனையா இருக்கு" என்றாள். உன் கடிதம் என் இடுப்பில் செருகியிருந்தது. எனக்குத் தாங்கவில்லை. "மதினி, இது நான் போட்டதில்ல. அவ போட்டது" என்று சொல்லிவிட்டேன்.

யாரும் நம்பவில்லை. சிநேகிதிக்காகச் சொல்லுகிறேன் என்று அத்தை சிரித்தார்கள். உள்ளே போய், பெட்டியில் சேலைக்கு அடியில் ஒளித்து வைத்திருந்த உன் இன்லண்ட் அத்தனையையும் அள்ளிக்கொண்டு வந்து, இடுப்பில் இருந்ததையும் சேர்த்து மாமா கையில் கொடுத்தேன். யார் கண்ணில் படக்கூடாது என்று மூன்று வருஷம் பயந்தேனோ அவர்களே கண்ணாடியை மாட்டிக்கொண்டு சத்தமாகப் படித்தார்கள். உப்புத் தண்ணீர், பூந்திக்கொட்டை, குப்புறப் போட்ட இஸ்திரி, எல்லாம். கடைசிக் கடிதத்தைப் பாதியில் நிறுத்திவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்கள். மதினி அந்தக் கடிதத்தைத் தம்பிக்குக் காட்ட வேண்டும் என்று கேட்டு வாங்கிப் போய்விட்டாள். கொடுத்தது தப்பா என்று தெரியவில்லை.

அத்தை அன்று ராத்திரி சாப்பிடவில்லை. மறுநாளும் என்னிடம் பேச்சில்லை. எங்கள் வீட்டுக்காரர்தான், "முன்னாலேயே சொல்லியிருக்கலாம்லா" என்று மட்டும் சொன்னார். மூன்றாம் நாள் காலையில் அத்தை அடுப்படிக்கு வந்து, "மூணு வருசமா என்னய ஊரெல்லாம் பெருமை பேச வச்சிட்டியேட்டி" என்றார்கள். நான் அழுதேன். கொஞ்ச நேரம் கழித்து அவர்களே, "ஓரத்துல ஒரு வரிசைப் பாசி அந்து தொங்குது. என்ன செய்யணும்னு அந்தப் பிள்ளைட்ட கேட்டு எழுது" என்றார்கள்.

அதனால்தான் நீ வேண்டாம் என்று சொல்லியும் கேட்கிறேன். மயிலைப் பழைய வேட்டியில் மடிக்காமல் சுருட்டி வைத்திருக்கிறேன். அது உன்னுடையது. அனுப்பட்டுமா?

நீ சாப்பிட்டாயா?

பூமாரி


சங்கரன்கோவில்
19.9.79

அன்புள்ள பூமாரிக்கு,

கார்டிலேயே எழுதுகிறேன். மாமா முதலில் படிக்கட்டும். அவர்களுக்கும் அத்தைக்கும் என் வணக்கம்.

சாப்பிட்டேன்.

இசக்கித்தாய் மதினி கடுதாசி போட்டிருக்கிறார்கள். அதில் பாதி அவர்கள் தம்பி எழுதியது. அதைக் கார்டில் எழுத முடியாது. அம்மா இப்போது பேசுகிறாள், நிறுத்தத்தான் முடியவில்லை.

மயிலை அனுப்ப வேண்டாம். மேசையிலேயே கிடக்கட்டும். வருகிறவர்கள் கேட்டால் யார் போட்டது என்று மட்டும் சொல். அந்துபோன பாசியை ஒரு டப்பாவில் எடுத்து வை. தைக்கிறேன் என்று நீ ஊசியை எடுத்துவிடாதே, துவைக்கவும் செய்யாதே. ஐப்பசியில் எதிர்வீட்டுக்கு வந்ததும் நானே பார்த்துக்கொள்கிறேன்.

உன் பிரியமுள்ள
ஆறுமுகத்தாய்